பெயர் கூப்பிடாத பெரட்டு

அம்மாவின் வழக்கை நினைத்தால் இன்றும் எனக்கு வயிறு எரிகிறது. தராசில் கொழுந்தின் எடையைக் குறைத்துப் போட்டதைத் தட்டிக்கேட்டாள் என்று, நமுனுகுலப் பக்கத்துத் தேயிலைத் தோட்டம் ஒன்று அவளை வேலையிலிருந்து நிறுத்தியது. தொழில் நியாய சபை, மறுபடி வேலை கொடுக்கச் சொன்னது. தோட்டம் பதுளை மேல் நீதிமன்றத்தில் மேன்முறையீடு செய்தது. அத்தோடு வழக்கு படுத்துவிட்டது. அம்மாவுக்கு அறுபது நெருங்கிக்கொண்டிருந்தது. அறுபதானால் வேலைப் பட்டியலிலிருந்து பேரை வெட்டிவிடுவார்கள். அதற்குள் தீர்ப்பு வராவிட்டால் வென்றாலும் அவள் மலைக்குக் கொழுந்து பறிக்கப் போக முடியாது.

நான் பதுளைக் கடைவீதியில் ஒரு துணிக்கடையில் வேலை செய்கிறேன். ஒருநாள் நேரே நீதிமன்றப் பதிவகத்துக்குப் போய்க் கேட்டேன். அம்மாவுக்கு அனுப்பிய அறிவித்தல் சேரவில்லை என்றே ஒவ்வொரு தவணையும் தள்ளிப்போயிருந்தது. எப்படிச் சேரும்? தோட்டத்து ஆட்கள் குடியிருக்கும் லயத்துக்குத் தபால்காரர் வருவதில்லை. எல்லாக் கடிதமும் தோட்டத்து ஒப்பீசில்தான் விழும். மேன்முறையீடு செய்தவனிடமே எங்கள் அழைப்பையும் கொடுத்துவிட்டு, ஆள் வரவில்லை என்று சொல்ல வெட்கமாக இல்லையா? விளக்கிச் சொன்ன பிறகும் நீண்ட தவணைதான் போட்டார்கள்.

அதனால் கொழும்புக்குப் போனோம். மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் மனுப் போட்டோம். இனித் தள்ளாமல் விரைவாகக் கேட்டு முடிக்கும்படி பதுளைக்கு உத்தரவு கிடைத்தது. வெளியே வந்ததும் எங்கள் சட்டத்தரணி அம்மாவிடம் சொன்னார்.

"விசாரணைத் தேதி தபால்ல வரும்மா. இந்தத் தடவ மகளோட பதுளை விலாசத்தக் குடுத்துருவோம்."

"வேணாங்க ஐயா. லயத்து விலாசமே இருக்கட்டும்."

"எதுக்கும்மா வீம்பு?" என்றேன், எரிச்சலோடு.

"டவுன் விலாசம் குடுத்தா, இவ லயத்த விட்டுப் போயிட்டான்னு அவனுங்க எழுதிப்புடுவானுங்க. வேலையும் குடியிருக்கிற காம்பராவும் சேந்து போயிரும். நான் அங்கதான் இருக்கேன்."

லயத்து விலாசத்தையே சட்டத்தரணிக்கு எழுதிக் கொடுத்தேன். கோபம் மட்டும் ஆறவில்லை. சொந்தக் கடிதத்தை வாங்கவா, இருக்கும் இடத்தைக் காப்பாற்றவா என்று ஒரு மனுஷி யோசிக்க வேண்டுமாம்.

மறுநாளிலிருந்து அம்மா காலையில் பெரட்டுக்குப் போனாள். பேர் கூப்பிட்டு வேலை பிரிக்கும் இடம் அது. அவள் பேரை யாரும் கூப்பிட மாட்டார்கள். இருந்தும் எல்லாப் பெண்களும் பார்க்க ஒப்பீஸ் வாசலில் நின்று, "எனக்குக் கடுதாசி வந்திருக்குங்களா?" என்று கேட்பாள். கிளார்க் இல்லையென்பார். அடுத்த நாளும் கேட்பாள்.

நான் லீவில் போயிருந்த ஒரு காலை, கிளார்க் முகத்தைத் திருப்பிக்கொண்டே ஒரு உறையை நீட்டினார். அம்மா அதை என்னிடம் தந்தாள்.

"சத்தமா படி. எல்லாருக்கும் கேக்கட்டும்."

உறையில் இருந்ததை முழுதாகப் படித்தேன்: அவள் பேர், லயத்து விலாசம், அறுபதுக்கு முன்னால் வரும் ஒரு விசாரணைத் தேதி. நிறுத்தப்பட்ட நாளுக்குப் பிறகு அந்தப் பெரட்டில் அம்மாவின் பேரை ஒருவர் கூப்பிட்டது அன்றுதான்.