மாப்பிள்ளை தள்ளிய டிராலி

போன வாரம் ஒரு கல்யாணத்துக்காகப் பேரன் என்னைக் காரில் மலாக்காவிலிருந்து தம்பினுக்குக் கூட்டிப் போனான். டுரியான் துங்கால் தாண்டியதும் சாலையோரம் கால்வாய் வெட்டிக்கொண்டிருந்தார்கள். தோண்டிப் போட்ட மண்ணோடு கறுப்பாகச் சில கட்டைகள். வெயிலில் கீலெண்ணெய் வாசனை குப்பென்று காருக்குள் வந்தது. "நிறுத்துடா!" என்று நான் போட்ட கூச்சலில் பேரன் நடுங்கிப்போனான். பாட்டிக்கு மயக்கம் என்று நினைத்தானாம். மயக்கமாவது ஒன்றாவது! அவை ரயில் தண்டவாளத்துக்கு அடியில் போடும் சிலிப்பர் கட்டைகள். என் கல்யாண ஊர்வலம் அவற்றின் மேல்தான் போனது.

மலாக்காவுக்கு ரயிலா என்று கேட்பீர்கள். இருந்தது ஐயா! தம்பின் வரைக்கும் ஓடியது. ஸ்டேஷன், கரிக்குவியல், பாதை வேலை பார்க்கும் கேங் ஆட்கள் குடியிருந்த லயம் எல்லாம் இருந்தன. ஜப்பான்காரன் வந்தான், சயாமில் புது ரயில்பாதை போட இரும்பு வேண்டுமென்று எங்கள் தண்டவாளத்தைப் பிடுங்கச் சொன்னான். அந்த வேலை என் அண்ணன் வேலு இருந்த கேங்குக்கே வந்தது. வருஷக்கணக்காக ஆணி அடித்து, சல்லி போட்டுப் பார்த்துக்கொண்ட பாதை. மலாக்கா முனையிலிருந்து கொஞ்சம் கொஞ்சமாகக் கழற்றித் தம்பினுக்கு ஏற்றி அனுப்பினார்கள்.

கழற்றி முடித்ததும் ஆட்களும் சயாமுக்குப் போகவேண்டும், கல்யாணமானவர்களை மட்டும் விட்டுவிடுவார்கள் என்று ஒரு பேச்சு கிளம்பியது. அவ்வளவுதான், கேங்குக்கே கல்யாண ஜுரம்! அண்ணனுக்கும் ஆகவில்லை, தம்பினில் அவரோடு வேலை பார்த்த முத்துவுக்கும் ஆகவில்லை. அண்ணனுக்குப் பெண் பார்க்கக் கிளம்பிய அம்மாவை அவரே தடுத்துவிட்டார்.

"தங்கச்சிய வீட்டுல வச்சிக்கிட்டு நான் மாலை போட்டுக்கிறதா? ஊரு காறித் துப்பும். மொதல்ல அதுக்கு முடி. முத்து நல்ல பையன். அப்புறம் எனக்குப் பாரு."

எந்த வீட்டிலும் நடக்கிற பேச்சுதான். எனக்கோ உள்ளுக்குள் குதியாட்டம். முத்துவை எனக்கு முன்பே பிடிக்கும். பிடிக்காததுபோல் முகத்தை வைத்துக்கொள்ளத்தான் படாத பாடு பட்டேன்.

தம்பின் மாரியம்மன் கோயிலில் தாலி கட்டுவதாக ஏற்பாடு. போவதற்குத்தான் வழியில்லை. லாரியெல்லாம் ஜப்பான்காரன் கையில். அண்ணன் கேங்கை மேய்க்கும் மண்டோரைக் கெஞ்சி கேங் டிராலியை வாங்கினார். டிராலி என்றால் பெரிதாக ஒன்றுமில்லை. நாலு சக்கரத்தின் மேல் ஒரு பலகை, பின்னால் ஆள் தள்ளவேண்டும். விடிந்ததும் எங்கள் வீடு இருந்த காஜா பெராங்கிலிருந்து பட்டுப்புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு நடந்தேன். டவுன் பக்கத் தண்டவாளம் ஏற்கெனவே போய்விட்டதால், பத்து பெரண்டாம் என்ற ஊரைத் தாண்டித்தான் டிராலி நின்றது. நான், அம்மா, பக்கத்து வீட்டு பீபிக் மூவரும் ஏறிக்கொண்டோம். பீபிக் பல தலைமுறையாக மலாக்காவிலேயே இருக்கும் செட்டி வீட்டம்மா. பேச்செல்லாம் மலாய், ஆனால் மாரியம்மனுக்குத் தேங்காய் உடைக்க எங்களுக்கு முன்னால் நிற்பார். என் கழுத்தில் கிடந்த சங்கிலிகூட அவருடையதுதான்.

அண்ணனும் அவர் கூட்டாளி சாமிக்கண்ணுவும் தண்டவாளத்தின் மேலேயே ஓடித் தள்ளினார்கள். இறக்கம் வந்ததும் இருவரும் தாவி ஏற, டிராலி பறந்தது! ரப்பர் மரங்கள் இரண்டு பக்கமும் ஓடின, தலையில் வைத்த பூ எங்கேயோ போயிற்று, அம்மா என் இடுப்பைக் கட்டிக்கொண்டு எல்லா சாமியையும் கூப்பிட்டார். தலைகுனிந்து உட்காரவேண்டிய கல்யாணப்பெண் நான், "இன்னும் வேகமா, இன்னும் வேகமா!" என்று கத்தினேன்.

அப்போதுதான் எதிரே விசில். தண்டவாளம் ஏற்ற வரும் வண்டி, வழக்கத்துக்கு முன்னாலேயே வந்துவிட்டது. அண்ணன் பிரேக்கை அழுத்தினார். இறங்கி டிராலியைத் தூக்கிப் பக்கத்தில் வைத்தாகவேண்டும், இரண்டு ஆளால் முடியாது. "அங்காட்! அங்காட்!" என்று கத்திக்கொண்டு பீபிக் ஒரு முனையைப் பிடித்தார். நானும் பிடித்தேன். புடவையெல்லாம் மசகு. தூக்கிப் போட்டு மூச்சு வாங்குகிறோம், வண்டி மேட்டில் ஊர்ந்து ஊர்ந்து எங்களைக் கடக்கிறது. கடைசிப் பெட்டியில் நிற்பது யார்? என் மாப்பிள்ளை!

விடுப்புக் கேட்டதற்கு ஒரு அறை கொடுத்து வேலைக்கு ஏற்றிவிட்டானாம் ஜப்பான்காரன். நான் வாயைப் பிளந்து நிற்க, சாமிக்கண்ணு ஓட ஆரம்பித்தார்.

"எறங்குடா முத்து! நான் ஏறிக்கிறேன். தலைக்கணக்கு சரியா இருந்தா போதும், அவனுக்கு நம்ம மூஞ்சியா தெரியப்போவுது?"

ஒருவர் குதித்தார், ஒருவர் தொற்றினார். இன்ஜின் பக்கம் நின்ற ஜப்பான்காரன் திரும்பியே பார்க்கவில்லை. முத்து வேட்டியில்லாமல், கரி படிந்த கால்சட்டையோடு எங்களிடம் ஓடிவந்தார். அண்ணன் சிரித்த சிரிப்பு இன்னும் காதில் இருக்கிறது.

"தள்ளுங்க மச்சான். உங்க கல்யாணத்துக்கு நான் மட்டும் எதுக்குத் தள்ளணும்?"

தம்பின் வரை மாப்பிள்ளையே தள்ளினார். நான் திரும்பி உட்கார்ந்து அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு போனேன். வெட்கமாவது மண்ணாவது! மஞ்சள் கிழங்கு கட்டிய கயிறுதான் தாலி, மரவள்ளிக்கிழங்கும் தேங்காய்த் துருவலும்தான் விருந்து. அப்படி ஒரு சந்தோஷம் எனக்குப் பிறகு வாய்க்கவில்லை.

பாதையைக் கழற்றும் வேலை சீக்கிரமே முடிந்துவிட்டது. தம்பினில் ஆட்களை வரிசையாக நிறுத்தி, கல்யாணமாகாதவர்களை முன்னால் வரச் சொன்னார்கள். முத்து நின்ற இடத்திலேயே நின்றார். அண்ணன் முன்னால் போனார். சாமிக்கண்ணுவும் போனார்.

ஸ்டேஷன் போயிற்று, லயம் போயிற்று. சண்டை முடிந்த பிறகும் மலாக்காவுக்கு யாரும் தண்டவாளம் போடவில்லை. சயாமிலிருந்து உயிரோடு திரும்பிய ஒருவர், நம் பாதையின் தண்டவாளத்தை அங்கே தன் தோளில் சுமந்ததாகச் சொன்னார். அண்ணனைப் பார்த்ததாகச் சொல்லவில்லை. என் கல்யாணம் முடிந்த கையோடு அம்மா உஜோங் பாசிரில் அண்ணனுக்கு ஒரு பெண்ணைப் பேசி வைத்திருந்தார். அந்த வீட்டார் ஒரு வருஷம் கழித்து ஆள் அனுப்பி, பெண்ணை வேறு இடத்தில் கொடுக்கலாமா என்று மரியாதையாகக் கேட்டார்கள். அம்மா வந்தவருக்குத் தண்ணீர் கொடுத்து உட்காரவைத்துச் சொன்னார்:

"கொஞ்சம் பொறுக்கச் சொல்லுங்க. தங்கச்சிக்கு முடிஞ்சிருச்சில்ல, இனிமே அவனுக்குத்தான்."