நூறடி கீழே

ஓடைப் பாறையில் உட்கார்ந்திருந்த தட்டானை டீச்சர் கண்ணால்தான் காட்டினார். கை நீட்டினால் பறந்துவிடுமாம். கறுப்பு உடம்பு, மஞ்சள் வரி, என் சுண்டுவிரல் நீளம். இதற்காகவா இந்த வெயிலில் வரச் சொன்னார் என்று எனக்கு எரிச்சலாக இருந்தது.

தொண்ணூறுகளின் கடைசி. கோவில்பட்டிப் பக்கம் ஒன்றிய அலுவலகத்தில் நான் ஓவர்சியர். எங்கள் தெருவில் குடியிருந்த டீச்சர் பெண்கள் பள்ளியில் அறிவியல் எடுத்தார். குன்றின் ஊற்றிலிருந்து இறங்கும் அந்த ஓடையில் தடுப்பணைக்காக நான் சுண்ணாம்புக் கோடு போட்டிருந்தேன். மேற்கு மலையின் சில ஓடைகளை விட்டால் கரிசலில் அந்தத் தட்டானுக்கு இது ஒன்றுதான் இடம். அதன் புழு ஓடும் தண்ணீரின் அடிமணலில்தான் வளரும். தண்ணீர் தேங்கினால் அழிந்துவிடும் என்றார் டீச்சர்.

“அணை வேண்டாம்னு சொல்லலை அண்ணாச்சி. நூறடி கீழ தள்ளிக் கட்டுங்க, இந்த மணல்ல தண்ணி ஓடிக்கிட்டே இருக்கும், அது போதும்.”

அளந்து பார்த்தேன். கீழே கட்டினாலும் அதே தண்ணீர் நிற்கும். ஊருக்கு ஒரு குடம்கூடக் குறையாது. “ஆகட்டும் டீச்சர்” என்றேன். அப்போதே பழைய கோட்டை அழித்துப் புதுக்கோடு போட்டிருக்கலாம். நானோ மேலதிகாரி கையெழுத்து வரட்டும் என்று காத்திருந்தேன். அவர் லீவு. ஊரிலும் ஒரு வார்த்தை சொல்லி வைக்கவில்லை. என்ன புத்தியோ!

ஐந்தாம் நாள் கையெழுத்தோடு போனால், பழைய கோட்டில் பூசை முடிந்திருந்தது. புரட்டாசி பிறக்குமுன் நல்ல நாள் அது ஒன்றுதானாம். கொத்தனார் கையை விரித்தார்.

“மஞ்சப் பூசி நட்ட கல்லை எப்படி சார் பிடுங்க? ஊருக்கு ஆகாதுல்லா.”

காகிதத்தைக் காட்டினேன், கத்தினேன், கெஞ்சினேன். யாரும் அந்தக் கல்லில் கை வைக்கவில்லை. கையெழுத்து என் சட்டைப்பையிலேயே கிடந்து வேர்வையில் நனைந்தது.

மறு வருடம் தண்ணீர் தேங்கியதும் டீச்சரை அழைத்துப் போனேன். சிவப்பும் மஞ்சளுமாக, எந்தக் குட்டையிலும் பறக்கிற தட்டான்கள் மொய்த்தன. அங்கே வந்திருந்த பஞ்சாயத்துத் தலைவர் உண்மையான சந்தோஷத்தில் சொன்னார்: “ஒண்ணு போயிருமேன்னு பயந்தீய டீச்சர், இங்கன ஆயிரம் பறக்குது பாருங்க!”

டீச்சர் கரையில் நின்று ஒவ்வொன்றாகப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார். பிறகு, “போவோமா அண்ணாச்சி?” என்றார்.

இன்றும் அந்தத் தண்ணீரை ஆடு மாடு குடிக்கிறது, எனக்கும் நல்ல பேர்தான். அதன்பின் பல வருடம் ஒரே தெருவில் இருந்தோம். பார்த்தால் சிரிப்பார், வீட்டில் எல்லாரையும் விசாரிப்பார். என்னிடம் ஓர் உதவி என்று மட்டும் அவர் மறுபடி கேட்கவே இல்லை.