வீட்டுக்கு ஒரு ஆள்

என் அம்மா வீட்டு ஊரில் வாய்க்கால் வெட்டக் கோயில் மைக்கில்தான் கூப்பிடுவார்கள். வீட்டுக்கு ஒரு ஆள் போக வேண்டும். போகாத வீட்டுக்கு அந்தப் பட்டத்தில் தண்ணீர் முறை கிடையாது. என் புருஷனைக் கொல்லவும் அப்படித்தான் ஆள் கூப்பிட்டார்கள். அவர்களை நான் ஜெயிலுக்கு அனுப்பிய கதை இது. எனக்கு இதில் துளி வருத்தம் கிடையாது. மன்னித்துவிட்டேன் என்று எழுதுவேன் என எதிர்பார்ப்பவர்கள் இப்போதே எழுந்து போகலாம்.

சிதம்பரத்திலிருந்து பிச்சாவரம் போகிற பக்கம், ஒரே வாய்க்காலில் இரண்டு ஊர். மேல்மடையில் அம்மா வீடு, கடைமடையில் நான் வாழ்க்கைப்பட்ட வீடு. சுனாமிக்கு இரண்டு வருஷம் கழித்து, சம்பா நாற்று கருகிக்கொண்டிருந்த சமயம். மேல் ஊர்க்காரர்கள் தங்கள் முறை முடிந்தும் மதகை இறக்கியே வைத்திருந்தார்கள். என் புருஷன் போய்ப் பலகையைத் தூக்கிவிட்டார். எங்கள் முறைத் தண்ணீர் எங்கள் வயலுக்குப் போனது. அது திருட்டா?

மறுநாள் காலையில் நான் அம்மா வீட்டில் இருந்தேன். அம்மாவுக்குக் காய்ச்சல் என்று கஞ்சி வைத்துக் கொடுக்கப் போயிருந்தேன். கோயில் மைக் கரகரத்தது. "வீட்டுக்கு ஒரு ஆள் மதகாண்ட வாங்க." என் ஒரே தம்பி கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு மம்பட்டியைத் தோளில் வைத்தான். வாசலைத் தாண்டுவதற்குள் மறுபடியும் குரல் வந்தது. "மம்பட்டி வாணாம். கழி எடுத்துக்கினு வாங்க. பலகையத் தூக்கனவன் இன்னிக்கும் வந்து நிக்கறான்."

தம்பி நின்றான். என் முகத்தைப் பார்க்கவில்லை. மம்பட்டியைச் சுவரோரம் சாத்திவிட்டு, கூரையில் செருகியிருந்த மூங்கில் கழியை உருவினான். "டேய், அது மாமாடா! உங்க மாமாடா!" என்று கத்தினேன். பாவி, திரும்பவே இல்லை.

நான் வரப்பில் விழுந்து எழுந்து ஓடிச் சேர்வதற்குள் எல்லாரும் கலைந்துவிட்டார்கள். கீழ் ஊர் ஆட்கள் அவரை மினி லாரியில் போட்டுச் சிதம்பரம் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். வழியெல்லாம் அவர் தலை என் மடியில் இருந்தது. பொழுது சாய்வதற்குள் போய்ச் சேர்ந்துவிட்டார்.

போலீஸ் வந்து பிடித்துக்கொண்டு போனபோதும் மேல் ஊரில் யாரும் பயப்படவில்லை. "ஊரே செஞ்ச காரியம். ஊரையா புடிச்சி உள்ள போடுவான்?" என்று டீக்கடையில் பேசினார்கள். ஜாமீனில் வந்தவர்கள் மாப்பிள்ளை மாதிரி நடந்தார்கள். வீட்டுக்கு ஒரு ஆள் என்று கூப்பிட்டதே அதற்காகத்தான். எல்லா வீடும் மாட்டிக்கொண்டால் எந்த வீடும் வாய் திறக்காது. கொலையைப் பங்குபோட்டால் ஆளுக்கு ஒரு சிட்டிகைகூட வராது என்று நினைத்துவிட்டார்கள்.

அந்த நினைப்பில் மண் விழும் என்று எனக்குச் சொன்னவர் கடலூர் கோர்ட்டில் இருந்த அரசு வக்கீல். "அஞ்சு பேரோ, அதுக்கு மேலயோ ஒரே நோக்கத்தோட கூடி அடிச்சா, எந்த அடி யாரு அடிச்சதுன்னு நாம காட்டத் தேவையில்லம்மா. நூத்து நாப்பத்தொம்போதாவது பிரிவு. ஒருத்தன் செஞ்சது எல்லாரும் செஞ்ச மாதிரி. ஆனா சும்மா நின்னு வேடிக்க பாத்தவன் அதுல வரமாட்டான். எதுக்குப் போறோம்னு தெரிஞ்சேதான் போனாங்கன்னு நிரூபிக்கணும்" என்றார். நூற்று நாற்பத்தொன்பது என்ற அந்த எண்ணை நான் சாமி பேர் மாதிரி மனசுக்குள் சொல்லிக்கொண்டிருந்தேன்.

எதிர்த்தரப்பு வக்கீலும் லேசுப்பட்டவர் இல்லை. வழக்கம்போல வாய்க்கால் வெட்டப் போனார்கள், அங்கே வாய்த்தகராறு, எவனோ அடித்துவிட்டான், மற்றவர்கள் பார்த்துக்கொண்டு நின்றார்கள் என்பது அவருடைய வாதம். இரண்டாவது முறை மைக்கில் வந்த பேச்சை அந்த ஊரில் ஒருத்தரும் கேட்கவில்லையாம். அத்தனை பேருக்கும் ஒரே நாளில் காது அடைத்துவிட்டது! கேட்டதைச் சொல்ல நான் ஒருத்திதான் இருந்தேன். என் பேச்சை நம்பவைக்க வேண்டுமென்றால், தம்பி மம்பட்டியை வைத்துவிட்டுக் கழியை எடுத்ததைச் சொல்ல வேண்டும்.

சாட்சி சொல்ல வேண்டிய நாளுக்கு முன்னால் அம்மா வந்தாள். "மைக்கப் பத்தி மட்டும் சொல்லு. அவன் பேர எடுக்காத. எனக்கு இருக்கறது ஒரே ஆம்பளப் புள்ளடி. அவன் ஒரு அடிகூட அடிக்கல, ஓரமாதான் நின்னான்" என்று என் காலைப் பிடித்தாள்.

"அவன் அடிக்கலன்னு எனக்கும் தெரியும்மா. தெரிஞ்சிதான் சொல்லப் போறன்" என்றேன். அதற்குப் பிறகு அம்மா என்னோடு பேசவில்லை. நானும் போய் நிற்கவில்லை.

கூண்டில் ஏறியதும் எதிர்த்தரப்பு வக்கீல் சிரித்துக்கொண்டே கேட்டார். "வாய்க்கா வெட்ட வீட்டுக்கு ஒரு ஆள் போறது உங்க ஊர் வழக்கம்தானம்மா?"

"வழக்கம்தான் சார். வாய்க்கா வெட்டப் போறவன் மம்பட்டிய வீட்ல வச்சிட்டுப் போவானா?"

நீதிபதி எழுதுவதை நிறுத்திவிட்டு நிமிர்ந்தார். "யார் வச்சிட்டுப் போனது?"

வெள்ளைச் சட்டையும் விபூதியுமாக நின்ற வரிசையில் கையை நீட்டினேன். "அதோ, என் தம்பி. மைக்ல சொன்னதக் கேட்டுட்டுதான் வச்சான். நான் கண்ணால பாத்தன்." சொன்னபோது என் வயிறு குளிர்ந்தது.

தானே புயலில் ஊர்ப்பக்கத்து மரமெல்லாம் சாய்ந்து கிடந்த பிறகுதான் தீர்ப்பு வந்தது. தம்பியோடு கழி எடுத்துப் போன எல்லாருக்கும் ஆயுள். மைக்கில் பேசியவனுக்கும் ஆயுள். அந்தப் பக்கம் வாத்து மேய்த்துக்கொண்டிருந்த ஒருவரையும் போலீஸ் சேர்த்துப் பிடித்திருந்தது. அவரை விட்டுவிட்டார்கள். அவர் மேல் ஊர்க்காரரே இல்லை, நான் ஓடிச் சேர்ந்தபோதும் வாத்துகளோடுதான் நின்றார் என்று நானே சாட்சி சொல்லியிருந்தேன்.

கோர்ட் வாசலில் போலீஸ் வேன் நின்றது. ஏறுவதற்கு முன்னால் தம்பி என்னைப் பார்த்துவிட்டான். "அக்கா, நான் ஓரமாதானக்கா நின்னன். கழிய ஓங்கக்கூட இல்ல. ஏங்க்கா இப்படிப் பண்ண?"

போலீஸிடமும் சொல்லாத, வக்கீலிடமும் சொல்லாத ஒன்றை அவனுக்காகவே அத்தனை வருஷம் வைத்திருந்தேன். கிட்டே போனேன்.

"மாமா வண்டியில இன்னா சொன்னாரு தெரியுமாடா? கூட்டம் கழியோட வர்றதப் பாத்து ஓடத்தான் போனாராம். அதுல ஒன் மூஞ்சி தெரிஞ்சிதாம். மச்சான் நிக்கறான், நம்மள ஒண்ணும் பண்ணமாட்டாங்கன்னு ஓடாம நின்னுட்டாராம்."

அவனை வேனில் ஏற்ற இரண்டு போலீஸ்காரர்கள் தூக்க வேண்டியிருந்தது.