அராம் அங்கிளின் ராஜா

நேற்று சட்டை தேய்க்கும்போது நீராவி முகத்தில் அடித்தது. இத்தனை வருஷம் கழித்தும் அப்பா மேல் கோபம்தான் வந்தது. சின்ன வயதில் சான் ஹோசேயில் நாங்கள் இருந்த அபார்ட்மென்ட்டுக்கு எதிரே, இப்போது பார்க்கிங் லாட்டாகிவிட்ட டிரை க்ளீனிங் கடையில், அர்மீனியாவில் பெரிய நடிகராக இருந்த அராம் அங்கிள் சட்டை தேய்ப்பார். மூலை டிவியில் ஓடும் பழைய வீடியோ டேப்பில் அவரே ராஜாவாக மேடையில் முழங்குவார், இவர் காலரைத் திருப்பியபடி அதே வசனத்தைக் கூடவே சொல்லுவார், மொழி புரியாத எனக்கு முதுகு சிலிர்க்கும். நடித்ததில் அவரிடம் மிஞ்சியது அந்த ஒரே டேப்.

காப்பி பண்ணித் தருகிறேன் என்று அப்பா அதை வாங்கி வந்தார். மேலே யாரும் பதிவு பண்ணி அழித்துவிடக் கூடாதென்று அங்கிள் டேப்பின் பின்பக்க பிளாஸ்டிக் துண்டை உடைத்து வைத்திருந்தார். வீட்டில் வேறு டேப் இல்லையென்று, அப்பா அந்த ஓட்டையில் செலோடேப் ஒட்டி, லிவர்மோர் கோயிலில் தம்பி பாடியதை அதன் மேலேயே பதிவு பண்ணினார்.

"அப்பா, அது அங்கிளோடது!"

"எதுக்கெடுத்தாலும் பயப்படாதடி. புது டேப் ஒரு பாக்கெட்டே வாங்கிக் குடுத்துடலாம்."

கொடுத்தார். அங்கிள் பிரிக்கக்கூட இல்லை. அப்புறம் அந்த டிவி ஓடவே இல்லை, நீராவிச் சத்தம் மட்டும்தான். ஒருநாள் அவர் தேய்த்த சட்டையைப் போட்டுக்கொண்டு அப்பா காரில் கேட்டார்: "முன்னெல்லாம் ஏதாவது கத்திக்கிட்டே இருப்பாரே, இப்ப ஏன்டி அந்த மனுஷன் வாயே திறக்க மாட்டேங்கறார்?"