காணாமல் போன ஒன்றரை வீடு

போன மாதக் கடைசியில், ஒரு சனிக்கிழமை மத்தியானம், ரேஷன் கார்டைத் தேடி பீரோவைக் குடைந்துகொண்டிருந்தேன். கார்டு கிடைக்கவில்லை. நீல அட்டை போட்ட ஒரு சின்னப் புத்தகம் கிடைத்தது. எங்கள் வீட்டுக் கடன் பாஸ்புக்.

கார்டு கிடைக்காததால் போனது ரெண்டு கிலோ சர்க்கரை. புத்தகம் கிடைத்ததால் போனது ஒரு வாரத் தூக்கம்.

விஷயம் இதுதான். தருமபுரியில், நல்லம்பள்ளி போகிற ரோட்டை ஒட்டி ஒரு வீடு கட்டிக் குடிவந்து ஒரு வருஷம் ஆகிறது. வீட்டு வசதிச் சங்கத்தில் வாங்கிய கடன் அறுபதாயிரம். இருபது வருஷத் தவணை. மாதம் அறுநூற்று அறுபத்தோரு ரூபாய். ஒன்றாம் தேதி சம்பளக் கவரை என் மனைவி மாதம்மாள் கையில் கொடுத்துவிடுவேன். ஐந்தாம் தேதி அவள் சங்கத்துக்குப் போய்க் கட்டிவிட்டு வருவாள். கடன்காரன் என்ற பட்டம் எனக்கு, வேலை அவளுக்கு. இந்த ஏற்பாட்டில் எனக்கு ஒரு குறையும் இருந்ததில்லை.

நின்ற வாக்கில் ஒரு மனக்கணக்குப் போட்டேன். பன்னிரண்டு தவணை — ஏழாயிரத்துத் தொள்ளாயிரத்துச் சொச்சம். அப்படியென்றால் மீதி ஐம்பத்திரண்டாயிரம் இருக்க வேண்டும். இல்லையா?

கடைசி வரியைப் பார்த்தேன். ஐம்பத்தொன்பதாயிரத்து இருநூற்று இருபத்தாறு.

கண்ணாடியைத் துடைத்துவிட்டுப் பார்த்தேன். கண்ணாடியைக் கழற்றிவிட்டும் பார்த்தேன். அதே ஐம்பத்தொன்பதாயிரம்! கட்டினது எட்டாயிரத்துக்குக் கிட்டே. குறைந்தது எழுநூற்று எழுபத்து நாலு ரூபாய்.

நான் சர்வேயர் ஐயா! அடுத்தவன் வரப்பு அரையடி நகர்ந்தால் சங்கிலியைப் போட்டுக் கண்டுபிடிக்கிறவன். என் பாஸ்புக்கில் ஏழாயிரம் ரூபாய் நகர்ந்திருக்கிறது... ஒரு வருஷமாக எனக்குத் தெரியவில்லை. இதை வெளியே சொன்னால் இனி எந்த விவசாயி என்னை வயலுக்குள் விடுவான்?

மாதம்மாளிடம் மூச்சு விடவில்லை. பாவம், பயந்துவிடுவாள்.

திங்கட்கிழமை அரை நாள் லீவு போட்டுவிட்டுச் சங்கத்துக்குப் போனேன். கணக்கர் வேடியப்பன் முப்பது வயதுக்காரர், சாது. நான் போன வேகத்தில் அவர் மேஜை மேலிருந்த பேப்பர்கள் பறந்தன.

"தம்பி, என் பணம் ஏழாயிரத்து நூத்தி அம்பத்தெட்டு ரூபா எங்கய்யா போச்சு?"

"வட்டிங்க சார்."

"ஒத்த ரூபா வட்டின்னுதானே சொன்னீங்க?"

"ஆமாங்க. நூத்துக்கு மாசம் ஒத்த ரூபா. அறுபதாயிரத்துல எத்தன நூறுங்க சார்?"

"அறுநூறு."

"அதாங்க மொத மாசத்து வட்டி. நீங்க கட்டுனது அறுநூத்தி அறுபத்தொண்ணு. மிச்சம் அறுபத்தோரு ரூபாதான் அசல்ல கழியும். ஆனா பயப்படாதீங்க, அடுத்த மாசம் வட்டி கொறையுங்க."

"எவ்ளோ கொறையும்?"

"அறுபத்தோரு பைசாங்க."

இங்கே என் முட்டாள்தனத்தை உங்களிடம் ஒப்புக்கொண்டுவிடுகிறேன். நம் பக்கத்தில் கடன் என்றால் ஒரு நடைமுறை உண்டு, உங்களுக்கே தெரியும். மூணு ரூபா வட்டி, நாலு ரூபா வட்டி என்று பேசிக்கொள்வோம். மாதாமாதம் வட்டியைத் தனியாகக் கொண்டுபோய்க் கொடுப்போம். அசல் அப்படியே உட்கார்ந்திருக்கும், அறுவடைக்கோ ஆட்டைக் கோழியை விற்றோ மொத்தமாக அடைப்போம். சங்கத்தில் யாரும் என்னிடம் வட்டி என்று தனியாகக் கேட்கவில்லை. ஆகவே நான் கட்டுவதெல்லாம் அசல் என்று நினைத்தேன்.

அப்போ வட்டி? கேட்க மறந்துவிட்டார்கள் போலிருக்கிறது — நாமாகப் போய் ஞாபகப்படுத்துவானேன் என்று கமுக்கமாக இருந்துவிட்டேன்!

"சரி தம்பி, அசலுக்குப் போறது வட்டிய விட அதிகமாறது எப்ப?"

வேடியப்பன் ஒரு நீளமான அட்டவணையை விரித்து விரலை ஓட்டினார். விரல் முதல் பக்கத்தைத் தாண்டியது. இரண்டாவதையும் தாண்டியது.

"பதினஞ்சாவது வருஷத்துலங்க சார். அதுக்கப்புறம் ஜோரா கொறையும்."

வீட்டுக்கு வந்து அளவைக் குறிப்பு நோட்டின் பின்பக்கத்தில் பெருக்கினேன். அறுநூற்று அறுபத்தொன்று, இருநூற்று நாற்பது மாதம். ஒரு லட்சத்து ஐம்பத்தெட்டாயிரத்து அறுநூற்று நாற்பது ரூபாய்! வாங்கினது ஒரு வீட்டுக் காசு, கொடுக்கப்போவது இரண்டரை வீட்டுக்கும் மேலே. நான் குடியிருப்பது ஒன்றில்தான். மிச்சம் ஒன்றரை வீடு எந்த சர்வே நம்பரில் இருக்கிறது? நானே போய் அளந்துவிட்டு வந்துவிடுவேனே!

அதன்பின் நான் மனுஷனாக இல்லை. சுவரில் ஆணி அடிக்கக் கை வரவில்லை — யார் சுவரோ? மாதம்மாள் ஹாலில் கோலமாவு டப்பாவை வைத்தால், 'அந்த மூலைக்கு இன்னும் பத்தொன்பது வருஷம் இருக்கிறது' என்று தோன்றியது. எனக்கு முப்பத்தொன்பது வயது. கடன் முடியும்போது ஐம்பத்தெட்டு. ரிடையர் ஆகிற அன்றைக்கு மாலையும் போட்டு, பத்திரத்தையும் கையில் கொடுத்து அனுப்புவார்கள்.

பயந்தவன் என்ன செய்வான்? மூளை இருக்கிறவன் யோசிப்பான். நான் நேராக அன்வர் பாயின் இரும்புக் கடைக்குப் போனேன்.

வீட்டுக்குக் கம்பி, ஆணி, கீல் எல்லாம் அவர் கடையில்தான் வாங்கினேன். பாய் வட்டிக்கு வாங்கவும் மாட்டார், கொடுக்கவும் மாட்டார். கையில் காசு சேரச் சேரக் கட்டுவது என்று பதினோரு வருஷமாக ஒரு வீட்டைக் கட்டிக்கொண்டிருக்கிறார். ஒரு வருஷம் அஸ்திவாரம், ஒரு வருஷம் சுவர், அடுத்த வருஷம் தங்கை கல்யாணம், அதற்கடுத்த வருஷம் ஜன்னல். இன்னும் மேலே கூரை இல்லை.

"பாய், என் வீட்டை வாங்கிக்கங்க. எம்பதாயிரம். சங்கத்துக் கடனை அடைச்சுட்டு மிச்சத்த குடுங்க, போதும்."

பாய் தராசிலிருந்த ஆணியை அப்படியே விட்டார். "நெசமாவா சார்? புது வூடாச்சே!"

"நெசமாத்தான்."

"தங்கச்சி ஒத்துக்கிச்சா?"

"அவ என் பேச்சைத் தட்ட மாட்டா பாய்."

இதைச் சொன்னபோது நான் எங்கே பார்த்தேன் என்று கேட்காதீர்கள்.

ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணி. வாசலில் பாயின் சைக்கிள் மணி. அதற்குள் மாதம்மாளிடம் பக்குவமாகச் சொல்லிவிடலாம் என்று ஆறு நாள் பக்குவம் பார்த்துக்கொண்டே இருந்துவிட்டேன்.

"வாங்க பாய், என்ன இவ்ளோ தூரம்?" என்றாள்.

"வூட்டைப் பாத்துட்டுப் போலாம்னு வந்தேம்மா. சாரு விலை சொன்னாரு..."

"எந்த வூட்டுக்கு?"

பாய் என்னைப் பார்த்தார். நான் காலண்டரைப் பார்த்தேன்.

"இந்த வூட்டுக்குத்தாம்மா."

கத்தியிருந்தால் நான் தப்பித்திருப்பேன். கத்தவில்லை. உள்ளே போய் ஒரு சொம்புத் தண்ணீர் கொண்டுவந்து பாய் கையில் கொடுத்தாள். "நல்லாப் பாருங்க பாய். வாங்கறவங்க நல்லாப் பாத்துத்தான் வாங்கணும்" என்று முன்னால் நடந்தாள்.

"இது ஹாலு. இந்தச் செவுத்துக்கு இருவத்தொரு நாள் தண்ணி ஊத்துனது நானு. கெணத்துல தண்ணி இல்ல, பக்கத்து மோட்டார் ரூம்ல இருந்து கொடம் கொடமா. இது சமையக்கட்டு. மேடை ஒசரம் எனக்கு அளந்து வச்சது, உங்க வூட்டம்மா என்னை விடக் குட்டைன்னா மணை போட்டுக்கச் சொல்லுங்க. இது சாமி ரூமு..."

"தங்கச்சி, சாரு உங்ககிட்ட சொல்லலியா?"

"சொல்லுவாரு பாய். பயம் தெளிஞ்சதும் சொல்லுவாரு." பிறகு என் பக்கம் திரும்பினாள். "பாஸ்புக்கைப் பாத்துட்டீங்களா?"

"...ஆமா."

"மொத தவணை கட்டுன அன்னிக்கே நான் பாத்தாச்சு. அறுபத்தொண்ணுதான் கழிஞ்சிருக்குதுன்னு வேடியப்பன் தம்பிகிட்ட ஒக்காந்து கேட்டேன்."

"தெரிஞ்சும் ஏன் எங்கிட்ட சொல்லல?"

"சொல்லியிருந்தா பாய் போன வருஷமே வந்திருப்பாரு."

பாய் சிரித்தார். அடக்கத்தான் பார்த்தார், முடியவில்லை.

விட்டேனா? நோட்டை எடுத்துவந்து மொத்தக் கணக்கையும் காட்டினேன். "ஒண்ணரை லட்சம் மாதம்மா! ஒண்ணரை லட்சத்துக்கு மேல! வட்டியே தொண்ணூத்தெட்டாயிரம்!"

"கல்யாணம் ஆயி பதினாலு வருஷமா வாடகை குடுத்தமே... அதுல எவ்வளவு அசல் கழிஞ்சுது?"

நான் நோட்டில் வாடகை என்று எழுதி, அதன் கீழே ஒரு சைபர் போட்டேன்.

"சரி, கல்யாணத்தப்ப உங்க சம்பளம் எவ்ளோ?"

"முன்னூத்திப் பத்து."

"இப்ப?"

"ஆயிரத்து எழுநூறு."

"அன்னிக்கு மாசம் அறுநூத்தி அறுபத்தொண்ணு கட்டுன்னு சொல்லியிருந்தா ஊரை விட்டே ஓடியிருப்பீங்க. இன்னும் பதினாலு வருஷம் கழிச்சு அந்த அறுநூத்தி அறுபத்தொண்ணு பெரிய காசா இருக்குமா, சின்னக் காசா இருக்குமா? உங்க நோட்டுல அது எங்க இருக்குது?"

என் நோட்டில் அது இல்லை. பாய் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். அவருக்கும் ஏதோ உறைத்திருக்கிறது. விரல்விட்டு எண்ண ஆரம்பித்தார்.

"வட்டியே வேணாம்னு இருந்தேன் சார். அது நம்ம மார்க்கம், அதுல மாத்தமில்ல. ஆனா பதினோரு வருஷமா மாசம் இருநூறு வாடகை குடுத்திருக்கேனே... இருவத்தாறாயிரத்துக்கு மேல ஆவுது. நான் ஆரம்பிச்சப்ப ஒரு மூட்டை சிமெண்ட்டு வாங்குன காசுக்கு இப்ப அரை மூட்டை வர்றதில்ல. கூரை இல்லாத ஹால்ல பப்பாளி மரம் மொளச்சு காய் வேற காய்க்குது!"

அப்போ யாருக்கு நஷ்டம்? கடன் வாங்கிய எனக்கா, வாங்காத பாய்க்கா? அரை மணி நேரம் நானும் பாயும் அந்த நோட்டில் கூட்டினோம், கழித்தோம், அடித்தோம். ஒரு தடவை நான் புத்திசாலி, அடுத்த தடவை பாய் புத்திசாலி. வாடகை எந்த வேகத்தில் ஏறும் என்று போட்டாலும் விடை மாறியது. கடைசியில் இரண்டு பேரும் முட்டாள் என்று ஒரு விடை வந்தபோது பென்சிலைக் கீழே வைத்தோம்.

மாதம்மாள் டீயை வைத்துவிட்டுச் சொன்னாள். "வேடியப்பன் தம்பிகிட்ட இன்னொண்ணும் கேட்டேன். தவணைக்கு மேல கட்டலாமான்னு. தாராளமாக் கட்டுங்க, அசலுக்குன்னு ஒரு லெட்டர் எழுதிக் குடுத்துட்டாப் போதும்னாரு. மாசம் அறுபது ரூபா சேத்துக் கட்டுனா நாலரை வருஷம் முன்னாடியே முடிஞ்சிருமாம். இருவத்தஞ்சாயிரத்துக்கு மேல மிச்சமாம்."

அறுபது ரூபாய்க்கு இருபத்தைந்தாயிரமா? நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். "அதை ஏன் இன்னும் செய்யல?"

"அறுபது ரூபாய்க்கு எங்க போவேன்? அதான் ஒரு வருஷமா யோசிச்சிட்டிருந்தேன். இன்னிக்குத்தான் தெரிஞ்சுது." என் சட்டைப் பையைப் பார்த்தாள். "உங்க சிகரெட்டும், ஆபீசுக்கு எதுத்தாப்பல சாப்பிடற போண்டாவும் ஒரு நாளைக்கு ரெண்டு ரூபா. மாசம் எவ்ளோ ஆவுதுன்னு நோட்டுல போடுங்க."

போடவில்லை. எனக்கே மனக்கணக்கு வரும்.

"பாய் முன்னாடி வேணாமே..." என்றேன்.

"பாய் முன்னாடிதானே வூட்டை வித்தீங்க?"

பாய் டீயைக் குடித்துவிட்டு எழுந்தார். "நான் வர்றேன் தங்கச்சி. மொதல்ல அந்தப் பப்பாளிய வெட்டிட்டு கூரைய போடறேன்." வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டே என்னிடம் குனிந்து, "சார், உங்க பேச்சைத் தட்டவே மாட்டாங்க இல்ல?" என்றார்.

இந்த மாதம் ஐந்தாம் தேதி தவணை கட்ட நானே போனேன். எழுநூற்று இருபத்தொன்று. அசலுக்கு என்று லெட்டரும் எழுதிக் கொடுத்தேன். எல்லாம் புரிந்துவிட்டதா என்று கேட்கிறீர்களா? சத்தியமாக இல்லை. ஒரு வீட்டின் உண்மையான விலை என்ன என்பது இன்றுவரை எனக்குக் குழப்பம்தான். ரசீதைப் பார்த்தால் ஒரு விலை, பாஸ்புக்கைப் பார்த்தால் ஒரு விலை, மாதம்மாள் ஊற்றிய குடங்களை எண்ணினால் வேறு விலை.

வேடியப்பனிடம் மட்டும் ஒன்று கேட்டேன். "தம்பி, இதுவரைக்கும் கழிஞ்ச அசல் எவ்ளோ?"

"தொள்ளாயிரத்தி ரெண்டு ரூபா சொச்சங்க சார்."

"அதுக்கு அந்த வீட்டுல எதுய்யா என்னோடது?"

மனிதர் விளையாட்டாக எடுத்துக்கொள்ளவில்லை. பேனாவைக் கன்னத்தில் வைத்துக்கொண்டு யோசித்தார். "வாசக் கதவு வருங்க சார். நெலையோட."

அன்று சாயங்காலம் வீட்டுக்குப் போய், என் சொந்தக் கதவைத் திறந்துகொண்டு, சங்கத்தின் வீட்டுக்குள் நுழைந்தேன்.