ஒரு நாற்காலி கேட்டதைப் படம் பிடித்தார்கள்

எழுபதுகளின் தொடக்கத்தில் நான் ஆசிரியப் பயிற்சி முடித்துவிட்டு, தாம்பரத்தில் எங்கள் வீட்டில் சும்மா உட்கார்ந்திருந்தேன். சும்மா என்பது மற்றவர்கள் சொன்னது. மூட்டுவாதக்காரிக்குக் காலையில் ரவிக்கைக் கொக்கி மாட்டுவதே ஒரு வேலை. ஆனால் கணக்குச் சொல்லித்தர முழங்கால் எதற்கு? பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர் இடம் காலியாக இருந்தது. உட்கார்ந்து பாடம் நடத்த வகுப்பில் ஒரு நாற்காலி போதும் என்று கேட்டேன். டீச்சர் உட்கார்ந்தால் பிள்ளைகளுக்குப் பயம் விட்டுப்போகும் என்று தலைமையாசிரியை கையை விரித்துவிட்டார். அந்த அம்மாள் மட்டும் நாள் முழுக்க உட்கார்ந்தேதான் பள்ளிக்கூடத்தை நடத்தினார்.

அந்தச் சமயத்தில்தான் நோயாளிகளுக்கு உதவும் ஏதோ ஒரு சங்கத்துக்காக டாக்குமெண்டரி எடுக்க ஆட்கள் வந்தார்கள். எங்கள் சர்ச் போதகர் என்னைக் காட்டிக்கொடுத்திருந்தார். டைரக்டர் தாடி வைத்த இளைஞர். என்னை ஜன்னலோரம் உட்காரவைத்து, “மனசுல இருக்கிறதெல்லாம் தைரியமா சொல்லுங்க சிஸ்டர். ஊரு கேக்கட்டும்” என்றார்.

நம்பினேன். நாற்காலி கதையைச் சொன்னேன். நான் படியில் காலை வைப்பதற்குள் விசில் கொடுத்துவிடும் கண்டக்டர்களைச் சொன்னேன். இரக்கம் வேண்டாம், வேலை கொடுங்கள் என்றேன். விளக்கைப் பிடித்துக்கொண்டிருந்த நடுவயது ஆள்கூட, “அப்டியே பேசிகினே இரும்மா, மூஞ்சி ஷோக்கா கீது” என்று உற்சாகப்படுத்தினார். வேலை கிடைத்துவிட்டது போலவே இருந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை சர்ச் ஹாலில் திரை கட்டிப் படத்தைப் போட்டார்கள். என் முகம் சுவர் அகலத்துக்கு வந்தது. வாய் அசைந்தது. வந்த குரல் என்னுடையது இல்லை. ரேடியோவில் சமையல் குறிப்பு சொல்வது போல ஒரு பெண், “என் வலியை ஆண்டவரிடம் ஒப்படைத்துவிட்டேன். இந்த ஜன்னலோரமே எனக்குப் போதும்” என்றாள். ஹாலில் மூக்கு உறிஞ்சும் சத்தம் கேட்டது.

படம் முடிந்ததும் டைரக்டரைப் பிடித்தேன். “நான் பேசினது எங்கே?”

“அது சவுண்டு பிடிக்கிற கேமரா இல்லீங்க சிஸ்டர். எங்க டாக்குமெண்டரி எல்லாமே அப்படித்தான். இங்கே படம் மட்டும், குரல் அப்புறம் ஸ்டுடியோவுல. பேசினா முகத்துல உயிர் வரும்னுதான் பேசச் சொன்னேன்.”

கூச்சமே இல்லாமல் சொன்னார். அந்தத் தாடியைப் பிடித்து இழுக்கலாம் போல ஆத்திரம். என் விரல்கள் அந்த அளவுக்கு மடங்காது.

அதற்குள், படம் பார்க்க வந்திருந்த தலைமையாசிரியை கண்ணைத் துடைத்துக்கொண்டே வந்து, வீங்கிய என் கையை அழுத்திப் பிடித்தார். “எவ்வளவு அழகா பேசினே!”

வலியில் உயிர் போனது. “அது நான் பேசினதில்ல மேடம். நான் உங்க ஸ்கூல்ல வேலை கேட்டதைத்தான் அங்கே சொன்னேன்.”

“வாய் அசைஞ்சதே, நான்தான் பார்த்தேனே. இதுவே போதும்னு உன் வாயாலேயே சொல்லிட்டே. அப்புறம் வேலை கீலைன்னு எதுக்கும்மா மனசை அலட்டிக்கிறே?”

அந்த ஜூனில் வேறொருத்தியை நியமித்தார்கள். படத்தைப் பல்லாவரத்திலும் குரோம்பேட்டையிலும் போட்டார்கள். அந்தப் பக்கத்துப் பள்ளிக்கூடங்களில் நான் வேலை கேட்டுப் போனபோதெல்லாம், எனக்கு முன்பே அந்தக் குரல் போய், வேண்டாம் என்று சொல்லியிருந்தது.