குழாயை மூடுகிறவள்

அந்த வீட்டில் துணி துவைப்பது அத்தையின் வேலை. வாஷிங் மிஷின் வந்த பிறகும் அப்படித்தான். அழுக்குக் கூடையைக் கவிழ்த்து, வெள்ளையைத் தனியே பிரித்து, தம்பியின் சட்டைப் பைகளைத் துழாவிக் காலி செய்து, உள்ளே போட்டுப் பொத்தானை அழுத்துவாள். மற்றவர்களாக இருந்தால் அதோடு வேறு வேலை பார்க்கப் போய்விடுவார்கள். அத்தை போகமாட்டாள். கை சுவர்க்குழாயில் இருக்கும், பார்வை மிஷினின் கண்ணாடி மூடிமேல் இருக்கும். தண்ணீர் துணிக்கு மேல் நாலு விரல் ஏறியதும் குழாயை மூடுவாள். ஒரு துவைப்புக்கு மூன்று முறை.

பிள்ளைக்கு அத்தை, தம்பிக்கு அக்கா, தம்பி மனைவிக்கு 'இவங்க'. புருஷன் செத்து, தம்பி வீட்டுக்கு வந்து பதினோரு வருஷம். அடுப்படிக்குப் பக்கத்துச் சின்ன அறையில் ஒரு கட்டில், ஒரு பெட்டி. தம்பி மகள் கல்லூரிக்குப் போக ஆரம்பித்ததிலிருந்து அந்த அறைமேல் எல்லோருக்கும் ஒரு கண்.

போன வருஷம் மிக்ஸி புகைந்தது. "இவங்க கை பட்டா இரும்பும் இத்துப்போகும்" என்றாள் தம்பி மனைவி. அந்த வாரமே தம்பி, பேப்பரிலிருந்து தலை நிமிராமல், "தங்கச்சி வீட்ல கொஞ்ச நாள் இருந்து பாரேன்க்கா" என்றான். தங்கை புருஷனோ, அத்தை ஒரு வேளை சாப்பிட உட்கார்ந்தாலே எழுந்து வெளியே போகிறவன். இன்னொரு சாமான் கெட்டால் கட்டில் போய்விடும் என்று அத்தைக்கு விளங்கிவிட்டது.

அதனால்தான் ஆறு மாதத்துக்கு முன் மிஷினில் தண்ணீர் நிற்காமல் ஏறியபோது அவள் மூச்சுவிடவில்லை. "இதுல யாரும் கை வைக்காதீங்க, நானே பாத்துக்கறேன்" என்று சொல்லிவைத்தாள். காய்ச்சலிலும் போய் நின்றாள்.

கண்ணில் புரை எடுக்க ஒரு நாள் ஆஸ்பத்திரியில் தங்க வேண்டிவந்தது. "துணியைச் சேத்து வைங்க, நான் வந்து போட்டுக்கறேன்" என்று இரண்டு தடவை சொல்லிவிட்டுப் போனாள்.

"ரொம்பத்தான்! மிஷினுக்கும் இவங்கதான் தாலாட்டுப் பாடணுமா?" என்று தம்பி மனைவி குழாயைத் திறந்து, பொத்தானைத் தட்டிவிட்டுக் கடைக்குப் போனாள். திரும்பி வந்தபோது கூடத்தில் கணுக்கால் அளவு தண்ணீர். மகளுக்கு வாங்கிய புது அலமாரியின் அடிப்பலகை ஊறி உப்பியிருந்தது.

மறுநாள் அத்தை கறுப்புக் கண்ணாடியோடு வந்து இறங்கியபோது, மெக்கானிக் மிஷினுக்குப் பின்னால் குந்தியிருந்தார். பிளக்கைப் பிடுங்கினார். தண்ணீர் கொட்டிக்கொண்டே இருந்தது.

"கரண்டே இல்ல, ஆனாலும் வருது பாத்தீங்களா? தண்ணி உள்ள வர்ற வால்வு மூடல. நேத்துப் போனதில்ல இது, உப்புக் கட்டி மாசக்கணக்காச்சு. யாராவது பக்கத்துலயே நின்னு குழாயை மூடியிருந்தாத்தான் உண்டு."

"அத்தைதான் எப்பவும் அங்கயே நிப்பாங்க" என்றாள் மகள்.

"அடேங்கப்பா! அப்போ இத்தனை நாளும் இந்த அம்மாதான் வால்வா?" மெக்கானிக் மெச்சித்தான் சிரித்தார். மகளுக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

தம்பி மனைவி சிரிக்கவில்லை. புருஷன் பக்கம் திரும்பினாள். "கேட்டீங்களா? தெரிஞ்சே மறைச்சிருக்காங்க."

"அதான் துணி போடாதீங்கன்னு..." என்று இழுத்தாள் அத்தை.

"ஏன்னு சொன்னீங்களா? வாய்க்கு என்ன பூட்டா போட்டிருந்துச்சு?"

வால்வு கையடக்கமான சாமான். இருபது நிமிஷத்தில் மாற்றியாகிவிட்டது. ஓட்டிப் பார்த்தார்கள், தண்ணீர் ஏறி, தானே நின்றது. "இனிமே நீங்க கால் கடுக்க நிக்க வேண்டாம்மா" என்று மெக்கானிக் அத்தையிடம் நல்ல சேதி சொல்லிவிட்டுப் போனார்.

சாயங்காலம் மகள் டேப்பைக் கொண்டுவந்து சின்ன அறையின் சுவரை அளந்தாள். அத்தை கட்டிலில் உட்கார்ந்திருந்தாள். "காலைக் கொஞ்சம் தூக்குங்கத்தை." தூக்கினாள். தம்பி வந்து டேப்பின் மறுமுனையைப் பிடித்துக்கொண்டான்.

"தம்பி, கண்ணுக்கு ஒரு மாசம் சொட்டு மருந்து விடணுமாம். எனக்குக் கை நடுங்குது, பக்கத்துல ஆள் வேணும். அதுவரைக்குமாவது இங்க இருந்துக்கட்டுமாடா?"

"மேஜையும் போடலாம், தாராளமா இடமிருக்கு" என்று மகளிடம் சொல்லிவிட்டு, டேப்பை அவள் கையில் கொடுத்து, தம்பி அறையைவிட்டு வெளியே போனான்.